இருபத்துமூன்று கறுப்புத் துண்டுகள்

பதினேழாவது கறுப்புத் துண்டையும் வெட்டி எடுத்து, சுட்டுவிரலில் சுற்றித் தகரப் பேணிக்குள் போட்டார் நித்தியானந்தன். பிலிமின் இரண்டு முனைகளையும் சுரண்டி, தூரிகையால் பசை தொட்டு, ஒன்றின் மேல் ஒன்றை வைத்து அழுத்தி, மனதுக்குள் இருபது வரை எண்ணினார். பிறகு விரல்நுனியால் தடவிப் பார்த்தார். ஒட்டு இருக்கிற இடமே தெரியவில்லை. கைச்சக்கரத்தைச் சுற்றினார். பத்துப் பன்னிரண்டு அடி போவதற்குள் அடுத்த கறுப்பு வந்தது.

“ஆரோ நல்லாத் திண்டிருக்கிறான்” என்றார். அறையில் வேறு யாரும் இல்லை.

மெல்பேர்னில், காலிங்வுட் பக்கம், பழைய கம்பளிக் கிடங்கு ஒன்றின் மேல்மாடி அது. இப்போது திரைப்பட நூலகம். பள்ளிக்கூடங்களும் சங்கங்களும் பதினாறு மில்லிமீற்றர் படங்களை இரவல் வாங்கிப்போய், கீறியும் கிழித்தும் திருப்பிக் கொண்டுவரும். வந்த படத்தை அடி அடியாக விளக்கு வெளிச்சத்தில் பார்த்துப் பழுதை நீக்குவது நித்தியானந்தனின் வேலை. வேலைக்கு வந்து ஏழு மாதமாகிறது. தற்காலிக வேலைதான். நிரந்தரமாக்குவதா என்று வருகிற திங்கட்கிழமை கமிட்டி கூடி முடிவு செய்யும். 1988ஆம் ஆண்டு ஆகஸ்ட் மாதம். அவருக்கு நாற்பத்தாறு வயது.

மேசையில் இருந்தது பிலிப்பைன்ஸ் படம். ஞாயிற்றுக்கிழமை நூலகத்தின் சிறிய அரங்கில் காட்டுவதற்காக ஏழு பரீட்சார்த்தக் குறும்படங்கள் வந்திருந்தன. ஆறு, மணிலாவிலிருந்து. ஒன்றில் குப்பைமேடு தலைகீழாக ஓடியது. இன்னொன்றில் கையேந்தும் பையன் ஒருவனின் மேல் பிலிமின் ஒவ்வொரு பிரேமிலும், சட்டம் சட்டமாக மை பூசியிருந்தார்கள். கை பச்சை, முகம் சிவப்பு. ஏழாவதுதான் இப்போது மேசையில் இருந்தது. அதை எடுத்தவள் இங்கேயே, மெல்பேர்னில் இருப்பவள். பெட்டியின் மேல் ‘படிக்கட்டு, வெள்ளிக்கிழமை’ என்று எழுதியிருந்தது. சத்தம் இல்லாத படம். பதினொரு நிமிடம். பிரதி ஒன்றே ஒன்று.

தேவாலயம் ஒன்றின் படியில் ஒரு கிழவி இருக்கிறாள். கையை நீட்டுகிறாள். காசு விழுகிறது. கை மூடுகிறது. பிறகு கறுப்பு, கறுப்பிலே நெடுக ஊசியால் இழுத்ததுபோலக் கீறல். பிறகு மறுபடி கை.

கறுப்பைக் கண்டால் என்ன செய்வது என்று நித்தியானந்தனுக்கு யாரும் சொல்லிக்கொடுக்கத் தேவையில்லை. கொழும்பில் பட விநியோகக் கம்பனி ஒன்றின் களஞ்சியத்தில் பதினெட்டு வருடம் அவர் படப் பிரதிகளைச் சரிபார்த்தவர். இந்தியாவிலிருந்து வருகிற படம் யாழ்ப்பாணம், மட்டக்களப்பு, பதுளை என்று சுற்றித் திரும்பி வரும்போது பாட்டுக் காட்சிகளில் பாதி இருக்காது. தியேட்டர் ஒப்பரேற்றர்மார் வெட்டி எடுத்து, அந்த இடத்தில் கறுப்புப் பிலிமை ஒட்டி அனுப்பிவிடுவார்கள். கறுப்பு என்றால் களவு. அதை அப்படியே அடுத்த ஊருக்கு அனுப்பினால், திரையில் கறுப்பு விழுந்த கணமே விசில் பறக்கும். விசிலுக்குப் பிறகு கதிரை பறக்கும். ஒருமுறை யாழ்ப்பாணத்தில் நாலே நாலு விநாடிக் கறுப்புக்காக ஓர் ஒப்பரேற்றரின் மண்டை உடைந்தது. அன்றிலிருந்து தன் கையால் போகிற படத்தில் கறுப்பே இருக்கக்கூடாது என்று அவர் வைத்துக்கொண்டார்.

வெட்டியதை மட்டும் எறியமாட்டார். தான் களவெடுக்கவில்லை என்பதற்குச் சாட்சியாக எல்லாத் துண்டையும் இலக்கமிட்டுப் பேணியில் போட்டு வைப்பார். அந்தப் பழக்கமும் அவரோடு கடல் கடந்து வந்துவிட்டது.

செவ்வாய்க்கிழமை பின்னேரம் நாலு மணிக்குள் இருபத்துமூன்று துண்டுகளையும் எடுத்துவிட்டார். நூற்றுமுப்பத்திரண்டு அடி. படத்தோடு போகிற அட்டையில் எழுதினார்: ‘பழுது நீக்கப்பட்டது. 23 ஒட்டு. நல்ல நிலை.’ கையெழுத்து வைத்தார். ஓட்டிப் பார்த்தபோது படம் தண்ணீர்போல ஓடியது. கிழவி கை நீட்ட நீட்டக் காசு விழுந்தது. ஏழரை நிமிடம்தான் வந்தது. பெட்டியில் நீளத்தைக் கூட்டி எழுதுவது எல்லா ஊரிலும் உள்ளதுதானே என்று நினைத்துக்கொண்டார்.

பஸ்ஸில் வீட்டுக்குப் போகும்போது அந்தக் கிழவியின் முகம் வந்தது. அவர் கையால் போன படங்களில் எத்தனையோ பிச்சைக்காரர்கள். எல்லாரும் பாடினார்கள். கண் தெரியாதவர்கள் இன்னும் நன்றாகப் பாடினார்கள். சரணம் முடிகிற இடத்தில் காசு விழும். சில படங்களில் கடைசி ரீலில் அந்தப் பிச்சைக்காரியே கதாநாயகனின் தாய் என்று தெரியவரும். இந்தக் கிழவி பாடவில்லை. கமராவையும் பார்க்கவில்லை.

புதன்கிழமை காலை, நகலெடுக்கும் இயந்திரத்துக்குப் பக்கத்துச் சுவரில் ஞாயிற்றுக்கிழமை நிகழ்ச்சித்தாள் ஒட்டியிருந்தது. ஒவ்வொரு படத்துக்கும் அதை எடுத்தவர் எழுதிய நாலு வரி. நித்தியானந்தனுக்கு இங்கிலீஷ் பேசுவதைவிட வாசிப்பது சுகம். தேத்தண்ணிக் கோப்பையுடன் நின்று வாசித்தார். கடைசிப் படத்துக்கு ரெமெடியோஸ் பாங்கிலினான் என்பவள் எழுதியிருந்தாள்:

‘இந்தப் படத்தில் வரும் ஒவ்வொரு கறுப்பும், ஒரு காசுக்கும் அடுத்த காசுக்கும் இடையில் அந்தப் பெண் காத்திருந்த நேரம். ஒரு நிமிடத்துக்கு ஒரு விநாடி. கைக்கடிகாரம் பார்த்து எழுதிக்கொண்டேன்.’

மூன்று முறை வாசித்தார். தேத்தண்ணி ஆறிவிட்டது. அறைக்குப் போய்ப் பேணியைத் திறந்தார். இருபத்துமூன்று சுருள். ஒவ்வொன்றிலும் சிறு கடதாசித் துண்டில் இலக்கம்.

ஒழுங்கு தெரியும். எந்த இடத்தில் எது என்று கண்ணை மூடிக்கொண்டு சொல்வார். ஆனால் ஒவ்வொரு துண்டிலும் எது தலை, எது வால்? இந்தப் பிலிமுக்கு இரண்டு ஓரத்திலும் துளை. எப்படித் திருப்பினாலும் பொருந்தும். கொழும்பில் வெட்டிய துண்டுகளில் எல்லாம் படம் இருந்தது. மனிசனின் தலை எந்தப் பக்கம் என்று பார்த்தால் போதும். தலையும் வாலும் குறித்துவைக்க வேண்டிய தேவை அந்தப் பதினெட்டு வருடத்தில் ஒருநாளும் வந்ததில்லை. கறுப்பில் தலை ஏது? வெறும் கீறல். மாறிப் போட்டால் கீறல்கள் திரையில் எதிர்ப்பக்கமாக ஓடும். அது அவளுக்குத் தெரியும். அவளுக்கு மட்டும்தான் தெரியும்.

அன்று பின்னேரம் குசினியில் விமலாதேவி வெங்காயம் வெட்டிக்கொண்டிருந்தாள். பிஸ்கட் தொழிற்சாலையில் அவளுக்குக் காலை வேலை. மூன்று மணிக்கு வந்துவிடுவாள்.

“என்னங்கோ, முகம் ஒரு மாதிரிக் கிடக்கு?”

“ஒரு படத்தை வெட்டிப்போட்டன்.”

“வெட்டுறதுதானே உங்கட வேலை.”

“வெட்டக்கூடாததை வெட்டிப்போட்டன். கறுப்புத் துண்டுகள்.”

“ஒண்டும் தெரியாத கறுப்போ?”

“ஓம்.”

“உதுக்கு ஆர் அழப்போயினம்?”

“அதுதான் படமாம்.” நிகழ்ச்சித்தாளில் இருந்ததைச் சொன்னார். அவள் கத்தியை வைத்துவிட்டுக் கேட்டாள்.

“உதுகளை ஏன் படமெடுக்கிறது? எங்கட மனிசர் ஆரும் கையேந்தி நிக்கிறதை ஒருத்தி கமராவோட வந்து எடுத்தா விடுவமே?”

“எடுத்தவவும் அந்த நாட்டுக்காரிதான்.”

“அப்ப இன்னும் மோசம்.” வெங்காயத்தைச் சட்டியில் போட்டாள். அடுப்பைக் குறைத்தாள். “இஞ்சேருங்கோ. திங்கட்கிழமை கமிட்டி. அதுவரைக்கும் வாயைத் திறவாதேங்கோ. உங்களுக்கு இந்த உண்மை சொல்லுற வருத்தம் ஒண்டிருக்கு. இந்தக் கிழமை மட்டும் அதுக்குக் குளிசை போட்டுக்கொண்டு இருங்கோ.”

“ஞாயிற்றுக்கிழமை அவ வந்து பாப்பா.”

“கிடந்த கறுப்பைத் திருப்பி ஒட்டிவிடுங்கோ. ஆருக்குத் தெரியும்?”

“தலைவால் தெரியாது, விமலா.”

“கறுப்புக்கோ?” என்றாள். சிரிப்பை அடக்கிக்கொண்டு சட்டியைக் கிளறினாள்.

வியாழக்கிழமை அரைமணி முன்னதாகக் கேட்டு வெளிக்கிட்டார். கோப்பில் ரெமெடியோஸின் முகவரி இருந்தது. தொலைபேசி இலக்கமும் இருந்தது. அடித்துப் பார்த்தார். இரண்டு முறையும் அந்த இலக்கம் ‘பிஸி’யாக இருந்தது. பேணியைக் கோட்டுக்குள் வைத்துக்கொண்டு ஸ்பிரிங்வேலுக்கு ரயில் ஏறினார். பேணியை வெளியே கொண்டுபோவது விதிக்கு மாறு. படத்தையே கொண்டுபோகவில்லை, கழிவைத்தானே கொண்டுபோகிறோம் என்று ரயிலில் இரண்டுமுறை தனக்குச் சொல்லிக்கொண்டார்.

ஸ்பிரிங்வேல் கடைத்தெருவில் வியட்நாம்காரர் மீன் பெட்டிகளைக் கழுவி அடுக்கிக்கொண்டிருந்தார்கள். அந்தத் தெருவுக்குப் பின்னால் செங்கல் வீடுகளின் வரிசை. நாலாம் இலக்கம். தட்டினார். உள்ளே யாரோ உரக்கப் பேசுகிற சத்தம், விளங்காத பாஷை. மறுபடி தட்டினார். சங்கிலி போட்டபடியே கதவு ஒரு சாண் திறந்தது. தோளுக்கும் காதுக்கும் இடையில் தொலைபேசியை இடுக்கிக்கொண்டு ஒருத்தி நின்றாள். முப்பத்தைந்து வயதிருக்கும். அவரை மேலிருந்து கீழே பார்த்தாள். பழைய கோட்டு, கையில் பேணி.

“கொஞ்சம் நில்லுங்கள். மணிலாவிலிருந்து போன் கோல்” என்றாள். கதவு சாத்திக்கொண்டது.

நின்றார். முதலில் கதவைப் பார்த்துக்கொண்டு நின்றார். எந்த நேரமும் திறக்கலாம் என்பதால் முகத்தைத் தயாராக வைத்திருந்தார். உள்ளே சிரிப்புக் கேட்டது. காற்று கோட்டின் கீழால் ஏறியது. பக்கத்து வீட்டுக் கிழவர் ஒருவர் பையோடு வந்து, அவரைப் பார்த்து, பேணியைப் பார்த்து, அவசரமாகத் தன் வீட்டுத் திறப்பைத் தேடி எடுத்து உள்ளே போனார். பேணியை ஒரு கையிலிருந்து மற்றக் கைக்கு மாற்றினார். எங்கே வைத்துக்கொள்வது என்று தெரியவில்லை. பிறகு கால்துடைக்கிற பாயைப் பார்த்தார். அதற்குப் பிறகு தன் சப்பாத்தை.

கதவு திறந்தது. அவள் பேணியின் மூடிமேல் ஒரு காசை வைத்தாள். “மன்னிக்க வேண்டும், இவ்வளவுதான் கையில் இருக்கிறது. ரசீது வேண்டாம்.”

மூடியில் காசு ஒருமுறை சுற்றி அடங்கியது. நித்தியானந்தன் அதைப் பார்த்தார்.

“நான் காசு சேர்க்க வரவில்லை” என்றார். “திரைப்பட நூலகத்திலிருந்து வருகிறேன். உங்கள் படத்தைத் திருத்தியவன்.”

“என் படத்தில் என்ன பழுது?”

“ஒன்றுமில்லை. அதைச் சொல்லத்தான் வந்தேன்.”

இருவரும் பேசியது இங்கிலீஷில். இரண்டும் வேறு வேறு இங்கிலீஷ். ஆனாலும் அவளுக்கு விளங்கிவிட்டது. காசை எடுத்துக்கொண்டு பேணியை வாங்கித் திறந்தாள். கறுப்புச் சுருள்களைப் பார்த்தபடி வாசலிலேயே நின்றாள். பிறகு உள்ளே போய் மேசைமேல் இருந்த துணிகளை ஒதுக்கினாள். முதியோர் இல்லம் ஒன்றில் அவளுக்குச் சலவை வேலை. அந்த நீலச் சட்டையை இன்னும் மாற்றவில்லை. கதிரையைக் காட்டினாள்.

“எல்லாம் இருக்கிறதா?”

“இருபத்துமூன்றும் இருக்கிறது. எது எந்த இடம் என்று தெரியும். எது தலை, எது வால் என்றுதான் தெரியாது.”

“வேறு என்ன போனது?”

“பசை வைத்து ஒட்டிவிட்டேன். ஒட்டைப் பிரித்தால் ஒவ்வொரு இடத்திலும் இரண்டு சட்டம் போகும். மொத்தம் நாற்பத்தாறு. இரண்டு விநாடிக்குக் கொஞ்சம் குறைவு.”

“எதிலிருந்து போகும்? கறுப்பிலிருந்தா?”

“இல்லை. கறுப்பு முழுசாக இருக்கிறது. கை வருகிற பக்கத்தில் போகும்.”

“அப்படியானால் சரி.” அவளும் கதிரையில் இருந்தாள். “ஏன் வெட்டினீர்கள்?”

கொழும்பைச் சொன்னார். ஒப்பரேற்றர்மாரைச் சொன்னார். கதிரை பறந்ததைச் சொன்னபோது அவள் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள்.

“போன மாதம் எங்கள் ஆட்களின் கிளப்பில் இந்தப் படத்தைப் போட்டேன். கதிரை மட்டும்தான் பறக்கவில்லை. ஒருவர் எழுந்து, எங்கள் நாட்டில் கடற்கரை இல்லையா, இதையா வெள்ளைக்காரனுக்குக் காட்டப்போகிறாய் என்றார். அவருக்கு உங்கள் படம் பிடித்திருக்கும்.”

“என் படமா?”

“நீங்கள் திருத்தினதுதான். கை நீட்டியவுடன் காசு விழுகிற படம்.”

அவர் தலையைக் குனிந்துகொண்டார். பிறகு கேட்டார். “அந்த அம்மாவை எடுக்கும்போது அவருக்குத் தெரியுமா?”

“தெரியும். முதல் நாளே கூப்பிட்டுக் கேட்டார், எத்தனை நாள் எடுப்பாய் என்று. தினமும் வா என்றார். ஏன் தெரியுமா? கமரா நின்றால் சனம் போடும். போடுகிறவன் கமராவைப் பார்த்துக்கொண்டு போடுவான். அரை நிமிடத்துக்கு ஒரு காசு. நான் அதையெல்லாம் எடுத்துக்கொண்டு வீட்டுக்கு வந்து ஓட்டிப் பார்த்தேன். ஊரிலேயே வசதியான பிச்சைக்காரி.” அவள் ஒரு சுருளைக் கையில் எடுத்தாள். “அது பொய். நான் நின்றதால் வந்த பொய். அடுத்த வெள்ளிக்கிழமை கமரா இல்லாமல் போய்த் தெருவின் மற்றப் பக்கத்தில் கடிகாரத்தோடு இருந்தேன். காலை ஆறிலிருந்து. அந்தக் கணக்குத்தான் இந்தக் கறுப்பு. அதிகமானது முப்பத்தொரு நிமிடம்.”

“பதினாலாவது துண்டு” என்றார் நித்தியானந்தன்.

“உங்களுக்குத் தெரிகிறதே.”

“அளந்தேன். பழுது எவ்வளவு என்று எழுத வேண்டும்.”

மேசை விளக்கைக் கிட்ட இழுத்து ஒவ்வொரு சுருளாகப் பிரித்தார்கள். தலை எது என்று அவளுக்கும் உடனே தெரியவில்லை. இதே மேசையில் வைத்து அவள் தையல் ஊசியால் கீறியவை. நகத்தால் தடவிப் பார்த்தாள். “தொடங்கும்போது ஆழமாக இழுப்பேன். போகப் போகக் கை சலிக்கும். ஆழம் எங்கே இருக்கிறதோ அது தலை.” அவளுடைய நகத்துக்கு அது பிடிபடவில்லை, சலவைத்தூளில் ஊறிய விரல்கள். நித்தியானந்தனின் விரலுக்குப் பிடிபட்டது. ஒட்டுத் தேடித் தேடிப் பழகிய விரல். தடவிச் சொல்லச் சொல்ல அவள் தலைப்பக்கத்தில் வெள்ளைப் பென்சிலால் புள்ளி வைத்தாள்.

இருபது துண்டுகள் சரிவந்தன. மூன்றில் இரண்டு பக்கமும் ஒரே அளவாக இருந்தது.

“இதை எப்படிப் போடுவது?”

அவள் மூன்றையும் அவர் பக்கம் தள்ளினாள். “நீங்களே போடுங்கள். நீங்கள் எப்போதாவது இப்படிக் கையேந்திக் காத்து நின்றதுண்டா?”

“ஒருமுறை. மூன்று வாரம்.”

எங்கே என்று அவள் கேட்கவில்லை. அவராகச் சொன்னார். எண்பத்துமூன்றாம் வருடம், கொழும்பில் ஒரு பள்ளிக்கூட மைதானம். கலவரத்தில் களஞ்சியம் எரிந்த அடுத்த நாள். தட்டோடு வரிசை. “முதலில் சோறு போடுகிறவனின் கையைப் பார்ப்போம். பிறகு முன்னால் நிற்கிறவரின் முதுகை. கடைசியில் நிலத்தைத்தான். அங்கேயும் ஒருவன் கமராவோடு வந்தான். அன்றைக்கு மட்டும் எல்லாருக்கும் பருப்பு இரண்டு கரண்டி.”

அவள் அவரைப் பார்த்தாள். எழுந்துபோய் அடுப்பில் இருந்த நூடில்ஸை இரண்டு கோப்பையில் போட்டுக் கொண்டுவந்தாள். சாப்பிட்டார்கள். மூன்று துண்டைப் பற்றி மறுபடி பேசவில்லை.

வெள்ளிக்கிழமை காலை ஹெலன் வந்தவுடன் அவளுடைய அறைக்குப் போனார். நூலகப் பொறுப்பாளர் அவள்தான். கொழும்பு வழக்கப்படி ‘மிஸ்’ என்று அவர் அழைப்பதும், அவள் ‘ஹெலன்’ என்று திருத்துவதும் ஏழு மாதமாக நடந்துகொண்டிருந்தது. இன்று திருத்தவில்லை. முழுவதையும் கேட்டுவிட்டுக் கண்ணாடியைக் கழற்றி வைத்தாள்.

“படம் எடுத்தவருக்குத் தெரியுமா?”

“தெரியும். நேற்றுப் போய்ச் சொன்னேன்.”

“எனக்குச் சொல்வதற்கு முன்னாலா?”

“ஓம், மிஸ்.”

ஹெலன் ஜன்னல் பக்கம் பார்த்தாள். “இன்றைக்குள் ஒட்ட முடியுமா?”

“முடியும். இந்த முறை பசை இல்லை, ஒட்டுகிற ரேப் நாடா. மறுபடி பிரிக்கக்கூடியதாக.”

“சரி, ஒட்டுங்கள். அட்டையிலும் மாற்றி எழுத வேண்டும்.” கண்ணாடியை மறுபடி போட்டுக்கொண்டாள். “அட்டையின் நகல் உங்கள் கோப்புக்குப் போகும். கோப்பு திங்கட்கிழமை கமிட்டி மேசையில் இருக்கும். அட்டையைச் செவ்வாய்க்கிழமை எழுதினாலும் எனக்கு ஆட்சேபணை இல்லை.”

நல்ல மனுசி என்று அவர் நினைத்தார். விமலாதேவி இதைக் கேட்டிருந்தால் அவளுக்குப் பலகாரம் சுட்டு அனுப்பியிருப்பாள்.

“பெட்டி திங்கள் காலையில் சிட்னிக்குப் போகிறது, மிஸ்” என்றார்.

“போனால்?”

“அங்கேயும் ஒருவன் மேசையில் இருப்பான். என்னைப்போல. பெட்டியைத் திறந்து அட்டையைத்தான் முதலில் வாசிப்பான். ‘பழுது நீக்கப்பட்டது’ என்று இருக்கும். உள்ளே பார்த்தால் இருபத்துமூன்று கறுப்பு. கத்தரிக்கோலை எடுப்பான்.”

ஹெலன் பேனையை நீட்டினாள்.

அவர் தன் பேனையாலேயே எழுதினார். பழைய வரியை ஒரே கோட்டால் வெட்டி, கீழே பெரிய எழுத்தில்: ‘இந்தப் படத்தில் கறுப்பு பழுது அல்ல. 23 இடம். வெட்டக்கூடாது. முன்பு வெட்டியது என் பிழை.’ கையெழுத்து வைத்தார். தேதி போட்டார்.

அன்று மத்தியானம் சாப்பிடவில்லை. ஐந்தரை மணிக்குக் கடைசித் துண்டும் ஏறியது. தீர்க்க முடியாமல் நின்ற மூன்றையும் நெடுநேரம் விரலில் வைத்திருந்தார். இரண்டைக் கையில் வந்தபடி போட்டார். மூன்றாவதை ஒருமுறை போட்டு, பிரித்து, திருப்பிப் போட்டார்.

ஞாயிற்றுக்கிழமை மூன்று மணிக் காட்சிக்கு நாற்பதுபேர் வரை வந்தார்கள். விமலாதேவியும் நீலச் சேலையோடு வந்து கடைசி வரிசையில், நித்தியானந்தன் படம் ஓட்டுகிற புரொஜெக்டர் அறையின் சிறிய கண்ணாடி ஜன்னலுக்குக் கீழே இருந்தாள். ஜன்னல் திறந்திருந்ததால் இருவரும் பேசிக்கொள்ளலாம். குப்பைமேடு தலைகீழாக ஓடியபோது, “இதிலை நீங்கள் ஒண்டும் செய்யேல்லையே?” என்று கேட்டாள். இல்லை என்றார்.

கடைசிப் படம். கிழவி கையை நீட்டினாள். காசு விழுந்தது. ரேப் ஒட்டு மெல்லத் துள்ளியது. கறுப்பு.

நித்தியானந்தனின் கை தானாகவே விளக்குச் சுவிட்சுக்குப் போனது. இழுத்துக்கொண்டு, இரண்டு கைகளையும் தொடைக்குக் கீழே வைத்து இருந்தார். கீறல்கள் திரையில் மழைபோல இறங்கின.

“கறண்ட் போயிட்டுதோ?” என்றாள் விமலாதேவி.

“இல்லை. பாரும்.”

ஐந்தாவது கறுப்பில் முன்வரிசையில் ஒருவர் உரக்கச் சொன்னார், பல்ப் போய்விட்டது, யாராவது அந்த மனிதனை எழுப்புங்கள் என்று. சிரிப்பு எழுந்தது. பின்னால் ஒரு விசில். நித்தியானந்தன் கதிரைகளைப் பார்த்தார். ரெமெடியோஸ் மூன்றாம் வரிசையில் இருந்தாள். அவள் திரும்பவில்லை.

எட்டு, ஒன்பது. சிரிப்பு குறைந்தது. பதினாலாவது வந்தது. முப்பத்தொரு விநாடி. அவர் திரையைப் பார்க்கவில்லை. ஜன்னலால் சனத்தைப் பார்த்தார். முதலில் எல்லாத் தலையும் நிமிர்ந்திருந்தது. பிறகு ஒருவர் கடிகாரத்தைத் திருப்பினார். இருமல். கதிரை ஒன்று கிறீச்சிட்டது. ஒவ்வொருவராகக் கண்ணைத் தாழ்த்தி மடியைப் பார்த்தார்கள், தங்கள் கையைப் பார்த்தார்கள். ஒருத்தி கைப்பையைத் திறந்து சும்மா மூடினாள். பல்ப் போய்விட்டது என்றவர் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

கை வந்தது. காசு விழுந்தது. அரங்கில் மூச்சுவிடுகிற சத்தம் கேட்டது.

படம் முடிந்து வெளிச்சம் போட்டதும் விமலாதேவி எழுந்து ஜன்னலோடு முகத்தை வைத்தாள். “அந்த மனிசிக்கு இப்ப எத்தினை வயசிருக்கும்?”

“தெரியேல்லை.”

“இருக்கிறாவோ?”

“அதுவும் தெரியேல்லை.”

கேள்விகள் முடிந்தபிறகு ரெமெடியோஸ் மேலே வந்தாள். விமலாதேவி தூக்குச்சட்டியில் கொண்டுவந்த வடையை அவளுக்குக் கொடுத்தாள். அவள் ஒன்றைக் கடித்துக்கொண்டே நித்தியானந்தனிடம் சொன்னாள், “ஒரு துண்டு நீங்கள் தலைகீழாகப் போட்டீர்கள். கீறல் மேலே ஏறிப் போனது.”

“எது?”

“இருபதாவது. மாற்ற வேண்டாம்.”

அடுத்த நாள் திங்கட்கிழமை. எட்டரைக்குப் பெட்டிகளைக் கட்டினார். அட்டையை மூடியின் உட்பக்கத்தில் ரேப் போட்டு ஒட்டினார். ஒன்பதேகாலுக்கு வான் வந்து சிட்னிக்கான பெட்டிகளை ஏற்றிப் போனது. பத்து மணிக்குக் கமிட்டி கூடியது. பதினொன்றரைக்கு ஹெலன் வந்து, நிரந்தரம் இப்போது இல்லை, இன்னும் மூன்று மாதம் தற்காலிகமாக நீட்டியிருக்கிறார்கள், பிறகு பார்ப்பார்கள் என்றாள். அட்டையைப் பற்றிக் கேட்டார்களா என்று அவர் கேட்டார். கேட்டார்கள் என்றாள். அவர் விமலாதேவியின் தொழிற்சாலைக்குத் தொலைபேசி எடுத்தார். அவள் வேலையில் நின்றதால் தகவல் மட்டும் விட்டார். மத்தியானம் மீதி வடை சாப்பிட்டார். பிற்பகலில் பள்ளிக்கூடம் ஒன்றிலிருந்து செம்மறியாட்டுக்கு மயிர் கத்தரிப்பது பற்றிய படம் திரும்பி வந்தது. அதில் இரண்டு இடத்தில் கறுப்பு இருந்தது. படத்தை எடுத்துக்கொண்டு ஹெலனின் அறைக்குப் போய், இது பழுதா என்று கேட்டார். அவள் பட்டியலைப் பார்த்து, பழுதுதான் என்றாள். வெட்டினார். இரண்டு துண்டுக்கும் இலக்கமிட்டு, தலைப்பக்கத்தில் வெள்ளைப் பென்சிலால் புள்ளி வைத்து, பேணியில் போட்டார்.